ஆடம் ஸ்மித்தை விலையில்லா அரிசிக்கு எதிரியாக்க வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நலத்திட்டங்களைப் பற்றித் தங்கள் நாளிதழின் நடுப்பக்கத்தில் அண்மையில் வந்த கட்டுரை இரண்டு விஷயங்களைப் போகிற போக்கில் சொல்லிவிட்டுப் போகிறது. தாராளவாதப் பொருளியல் ஆடம் ஸ்மித் காலம் தொட்டே ஏழைக்கு அரசு கொடுப்பதை எதிர்த்து வந்தது என்பது ஒன்று. பிரிட்டனில் மக்கள் நல அரசைத் திட்டமிட்டவர்கள் சோஷலிஸ்டுகள் என்பது மற்றொன்று. விலையில்லா அரிசியை ஆதரிப்பவர்களும் எதிர்ப்பவர்களும் மேடைக்கு மேடை இதையேதான் சொல்கிறார்கள். இரண்டுமே தவறு. கொடுக்கவே கூடாது என்று வாதிட்ட தாராளவாதிகள் உண்டு. அவர்களைப் பற்றியும் கீழே எழுதியிருக்கிறேன். ஆனால் இருநூறு ஆண்டுகளாக அவர்கள் தங்களுக்குள் போட்ட பெரிய சண்டை, கொடுக்கும் விதியைப் பற்றியது. யாரைச் சோதிப்பது, எதை வைத்துச் சோதிப்பது, உதவி பெறுபவர் ஒரு காசு கூடுதலாகச் சம்பாதித்தால் உதவியில் எவ்வளவு பிடிப்பது என்ற சண்டை அது.

முதலில் சொல்லைச் சரிசெய்துகொள்வோம். 1991க்குப் பிறகு நம் பத்திரிகைகளில் தாராளமயம் என்ற சொல் பெருவழக்காகிவிட்டது. இறக்குமதி உரிமம் நீக்குவது, பொதுத்துறைப் பங்கை விற்பது எல்லாம் அதில் அடக்கம். அதைப் படித்துப் பழகிய கண்ணுக்குத் தாராளவாதமும் அதே சரக்காகத் தெரிகிறது. தாராளவாதம் என்பது தனிமனிதச் சுதந்திரத்தை அரசியலின் அளவுகோலாக வைக்கும் கொள்கை மரபு. பட்டினி கிடப்பவனுக்குச் சுதந்திரம் உண்டா என்ற கேள்வி அந்த மரபுக்குள்ளேயே எழுந்து, அதற்குள்ளேயே பல விடைகளைப் பெற்றிருக்கிறது.

ஸ்மித்தை எடுத்துக்கொள்வோம். 1776இல் அவருடைய 'நாடுகளின் செல்வம்' நூல் வெளியானபோது இங்கிலாந்தில் 1601ஆம் ஆண்டின் ஏழையர் சட்டம் நடப்பில் இருந்தது. ஒவ்வொரு பங்கும் (ஒரு தேவாலயத்தைச் சேர்ந்த ஊர்ப்பகுதி) தன் எல்லைக்குள் இருக்கும் நிலபுலன், வீடுகள் மீது ஏழை வரி வசூலித்து, தன் ஏழைகளைத் தானே காக்க வேண்டும். ஸ்மித் கடுமையாகத் தாக்கியது இந்த உதவியை அல்ல, 1662இல் வந்த குடியமர்வுச் சட்டத்தை. ஆண்டுக்கு 10 பவுண்டுக்குக் குறைந்த வாடகையில் குடிவந்த ஒருவர் நாளை உதவி கேட்டு நிற்பார் என்று பட்டால், 40 நாளுக்குள் இரண்டு நீதிபதிகளின் உத்தரவில் அவரைப் பழைய ஊருக்கே திருப்பி அனுப்ப அது இடம் கொடுத்தது. கடலையும் மலையையும் தாண்டுவதைவிட ஏழை ஒருவன் பங்கு எல்லையைத் தாண்டுவது கடினமாகிவிட்டது என்று அவர் எழுதினார். பிழைக்கப் போன ஊரில் ரேஷன் அட்டை செல்லாமல் நின்றவர்களுக்கு இந்த வரி புரியும். அத்தியாவசியப் பொருள் எது என்று சொல்லும் இடத்தில், உயிரைத் தாங்கும் பொருள் மட்டும் போதாது, நாலு பேர் முன்னால் வெட்கமின்றி நடமாட ஒரு லினன் சட்டையும் தோல் செருப்பும் வேண்டும் என்றும் அவரே எழுதியிருக்கிறார்.

விதியின் கணக்கு பிசகினால் என்ன ஆகும் என்பதற்கு நல்ல பாடம் இங்கிலாந்தில் ஸ்பீனம்லேண்ட் என்ற ஊர். 1795 மே 6 அன்று, விலைவாசி ஏறிக் கிடந்த நேரத்தில், பெர்க்‌ஷயர் நீதிபதிகள் அந்த ஊரில் பெலிக்கன் விடுதியில் கூடி ஓர் அட்டவணை வகுத்தார்கள். 8 பவுண்ட் 11 அவுன்ஸ் எடையுள்ள ரொட்டி 1 ஷில்லிங் விற்றால் உழைக்கும் ஆணுக்கு வாரம் 3 ஷில்லிங்கும், மனைவிக்கும் ஒவ்வொரு பிள்ளைக்கும் 1 ஷில்லிங் 6 பென்ஸும் கிடைத்தாக வேண்டும். ரொட்டி விலை ஒரு பென்னி ஏறினால் ஆணுக்கு 3 பென்ஸ், மற்றவர் ஒவ்வொருவருக்கும் 1 பென்னி கூடும். கூலி இந்த அளவுக்குக் குறைந்தால் மீதியைப் பங்கு தன் ஏழை வரியிலிருந்து கொடுக்கும். மூன்று பிள்ளைகள் உள்ள குடும்பத்துக்கு இது வாரம் 9 ஷில்லிங். ரொட்டி 1 ஷில்லிங் 4 பென்ஸ் ஆனால் 11 ஷில்லிங் 4 பென்ஸ் (12 பென்ஸ் ஒரு ஷில்லிங், 20 ஷில்லிங் ஒரு பவுண்ட்).

விலைவாசியோடு உதவியைக் கட்டிப்போட்டது நல்ல யோசனை. இன்றைய அகவிலைப்படிக்கு அது மூதாதை என்றே சொல்லலாம். கோளாறு வேறு இடத்தில் இருந்தது. 9 ஷில்லிங் வரம்பில் இருக்கும் அந்தக் குடும்பத் தலைவர் 7 ஷில்லிங் சம்பாதித்தால் பங்கு 2 ஷில்லிங் தரும். கூடுதலாக உழைத்து 8 ஷில்லிங் சம்பாதித்தால் 1 ஷில்லிங்தான் தரும். அவர் கையில் இரண்டு முறையும் 9தான். கூடுதல் உழைப்பின் முழுப் பலனும் உதவிக் குறைப்பில் போய்விடுகிறது. பண்ணைக்காரர் கூலியை 6 ஷில்லிங்காகக் குறைத்தாலும் தொழிலாளி வீட்டில் 9 ஷில்லிங் குறையாது; குறைத்த காசை ஊர் வரி ஈடுகட்டும். அட்டவணையைத் தாளில் போட்டுப் பார்த்தால் ஐந்து நிமிடத்தில் தெரிந்துவிடுகிற கோளாறு இது.

ஆனால் தாளில் தெரிந்ததை நடந்ததாகவே எடுத்துக்கொண்டது அடுத்த தலைமுறையின் பிழை. பொருளியலாளர் மால்தஸ் 1798 முதல், உதவி கொடுத்தால் மக்கள்தொகை பெருகி வறுமைதான் பெருகும் என்று எழுதினார். குறிப்பிட்ட தேதிக்குப் பிறகு நடக்கும் திருமணங்களில் பிறக்கும் குழந்தைகளுக்குப் பங்கு உதவி கிடையாது என்று அறிவித்து, படிப்படியாகச் சட்டத்தையே ஒழிக்கலாம் என்று 1803ஆம் ஆண்டுப் பதிப்பில் திட்டம் தந்தார். இன்னொரு பொருளியலாளரான ரிக்கார்டோவும் 1817இல் படிப்படியான ஒழிப்பையே கேட்டார். கொடுக்கவே கூடாது என்ற கட்சி இதுதான். ஏழையர் சட்டத்தை ஆராய 1832இல் அமைத்த அரசு விசாரணைக் குழுவில் நாசோ சீனியரும் எட்வின் சாட்விக்கும் எழுதிய 1834ஆம் ஆண்டு அறிக்கை, உதவித்தொகை முறையால் தொழிலாளர்கள் கெட்டுப்போனார்கள் என்று தீர்ப்பளித்தது. நூற்றிருபது ஆண்டுகளுக்கும் மேல் எல்லாரும் அதை நம்பினார்கள். 1963இல் மார்க் பிளாக் என்ற பொருளியல் வரலாற்றாளர் அந்தக் காலத்துப் புள்ளிவிவரங்களையே எடுத்துச் சரிபார்த்தார். கோதுமை விளையும் தென்கிழக்கு மாவட்டங்களில் கூலி குறைவாகவும் குளிர்காலத்தில் வேலை இல்லாமலும் இருந்ததால்தான் பங்குகள் உதவித்தொகை கொடுத்தன, உதவியால் கூலி குறையவில்லை என்று காரணத்தையும் விளைவையும் இடம் மாற்றிக் காட்டினார். இலவசம் மக்களைச் சோம்பேறியாக்குகிறது என்று இன்று சொல்பவர்கள் பெரும்பாலும் சீனியரின் அறிக்கையைத்தான், அறிந்தோ அறியாமலோ, திரும்பச் சொல்கிறார்கள்.

அந்த அறிக்கையை ஒட்டி வந்த 1834ஆம் ஆண்டுச் சட்டம் உதவியை ஒழிக்கவில்லை. உதவியைக் கசப்பாக்கியது. உதவி பெறுபவரின் நிலை, வெளியே மிகக் குறைந்த கூலிக்கு உழைப்பவரின் நிலையைவிட மோசமாகவே இருக்க வேண்டும் என்பது அதன் ஆதார விதி. உடல் வலுவுள்ளவருக்கு வீட்டில் இருந்தபடி உதவி கிடையாது. ஏழையர் பணிவிடுதிக்குள் வர வேண்டும். அங்கே கணவன் ஒரு பக்கம், மனைவி ஒரு பக்கம், பிள்ளைகள் ஒரு பக்கம். யார் உண்மையில் வேறு வழி இல்லாதவர் என்று அதிகாரி விசாரிக்கத் தேவையில்லை, இவ்வளவு கொடுமையையும் ஏற்று உள்ளே வருகிறவர்தான் உண்மையான ஏழை என்பது தர்க்கம். அந்தத் தர்க்கத்தின் எல்லை 1845இல் ஆண்டோவர் விடுதியில் வெளிப்பட்டது. உரத்துக்காக எலும்பு இடிக்கும் வேலையில் இருந்தவர்கள், பசி தாங்காமல் அந்த எலும்பில் ஒட்டிய சதையையும் மஜ்ஜையையும் தின்றார்கள். விசாரணை நடந்து, சட்டத்தை நடத்திய ஆணையமே 1847இல் கலைக்கப்பட்டது.

இது எங்கோ சீமையில் நடந்த கதையாக முடிந்திருந்தால் இவ்வளவு நீட்டி எழுதியிருக்க மாட்டேன். கிழக்கிந்தியக் கம்பெனி தன் அதிகாரிகளைப் பயிற்றுவித்த ஹெய்லிபரி கல்லூரியில் 1805 முதல் 1834இல் இறக்கும்வரை பொருளியல் கற்பித்தவர் மால்தஸ். அங்கே படித்த சார்லஸ் ட்ரெவல்யன் 1840களில் அயர்லாந்துப் பஞ்ச நிவாரணத்தை லண்டன் கருவூலத்திலிருந்து நடத்தினார். 1859இல் சென்னை ஆளுநராக வந்தார். அங்கே படித்த இன்னொருவர் ரிச்சர்ட் டெம்பிள். 1873-74இல் பிகார் பஞ்சத்தின்போது பர்மாவிலிருந்து சுமார் நாலரை லட்சம் டன் அரிசி வரவழைத்துக் கொடுத்துப் பட்டினிச் சாவை ஏறக்குறையத் தடுத்தவர் அவர். செலவு அதிகம் என்று அதற்காகக் கண்டனம் வாங்கிக்கொண்டார். அந்தக் களங்கத்தைத் துடைக்கும் வேகத்தோடுதான் 1877 ஜனவரியில் சென்னை மாகாணத்துக்கு வந்தார்.

நம் பாட்டன் பூட்டன் வாயில் தாது வருஷப் பஞ்சம் என்று நிலைத்துவிட்ட 1876-78 பஞ்சம் அது. கஞ்சித்தொட்டி வைத்துப் பசித்தவருக்கு ஊற்றுவது சென்னைக்குப் புதிதல்ல. 1780களின் பஞ்சத்தில் ஏற்பட்ட மணியக்காரர் சத்திரத்தின் கஞ்சித்தொட்டிப் பெயரைத்தான் இன்றைய ஸ்டான்லி மருத்துவமனை நெடுங்காலம் சுமந்தது. 1877இல் வந்த முறையில் இரண்டு சோதனைகள் இருந்தன. ஒன்று வேலைச் சோதனை: வலுவுள்ளவர் மண் வெட்டிக் கல் உடைத்தால்தான் கூலி. மற்றது தூரச் சோதனை: வீட்டிலிருந்து 10 மைலாவது தள்ளியிருக்கும் வேலைத்தளத்துக்குப் போய்த் தங்க வேண்டும். கூலியை டெம்பிள் ஒரு நாளுக்கு 1 பவுண்ட் தானியம், அதாவது ஏறக்குறைய 450 கிராம், அதோடு கொஞ்சம் சில்லறை என்று குறைத்தார். பணிவிடுதி விதியேதான், கூரை மட்டும் இல்லை. சென்னையில் அடையாற்றையும் கூவத்தையும் இணைக்கும் பக்கிங்ஹாம் கால்வாய்ப் பகுதி அந்தப் பஞ்ச காலத்தில், 1877-78இல், வெட்டப்பட்டது.

மாகாணச் சுகாதார ஆணையர் டபிள்யூ. ஆர். கார்னிஷ் இதை எதிர்த்து வாதாடினார். மண் வேலை செய்யும் ஆளுக்குக் குறைந்தது ஒன்றரை பவுண்ட் தானியமும், மேலே பருப்பும் காய்கறியும் வேண்டும் என்பது அவர் கணக்கு. 1877 மார்ச்சில் மாகாண அரசு பாதிவழி வந்தது: ஒன்றேகால் பவுண்ட் தானியம், ஒன்றரை அவுன்ஸ் பருப்பு. அதாவது சுமார் 570 கிராமும் 43 கிராமும். இந்தக் கிராம்களில்தான் கொள்கை இருந்தது. வேலைச் சோதனைக்கு உடலில் வலு வேண்டும். சோற்றைக் குறைத்து வேலையைக் கேட்டால், சோதனையில் தேறியவர் சோதனையாலேயே சாவார். வலு குறைந்தவர் நடந்து போகவே முடியாத தூரத்தில் வேலைத்தளத்தை வைத்தால், அதிகம் தேவைப்படுபவரே முதலில் கழிக்கப்படுவார். அந்தப் பஞ்சத்தில் பிரிட்டிஷ் இந்தியப் பகுதிகளில் 50 லட்சத்துக்கு மேற்பட்டோர் மாண்டார்கள் என்பது வரலாற்றாளர்கள் ஏற்கும் மதிப்பீடு.

சென்னை அரசு தானே தானியம் வாங்க முற்பட்டதை வைசிராய் லிட்டனின் அரசு கண்டித்தது. வியாபாரத்தில் அரசு தலையிடலாகாது என்பதற்கு ஸ்மித்தை மேற்கோள் காட்டுவது அன்றைய வழக்கம். தானியத் தட்டுப்பாடு பஞ்சமாக மாறுவது அரசின் முறையற்ற தலையீட்டால்தான் என்று ஸ்மித் எழுதியது உண்மை. வங்கப் பஞ்சத்துக்குக் கம்பெனி ஊழியர்கள் அரிசி வியாபாரத்தில் போட்ட கட்டுப்பாடுகளும் காரணமாக இருக்கலாம் என்று அவர் எழுதியதும் உண்மை. இது 'நாடுகளின் செல்வம்' நூலின் நான்காம் புத்தகம். முதல் புத்தகத்தின் ஏழாவது அத்தியாயத்தைப் புரட்டியிருந்தால், பரம ஏழைக்கும் ஆறு குதிரை பூட்டிய வண்டி மேல் ஆசை இருக்கலாம், ஆனால் அந்த ஆசை சந்தையில் வண்டியைக் கொண்டுவராது, கையில் காசோடு கேட்பதுதான் சந்தைக்குக் கேட்கும் என்று அதே ஸ்மித் எழுதியிருப்பதைப் பார்த்திருப்பார்கள். மழை பொய்த்துக் கூலி வேலை போன விவசாயத் தொழிலாளிக்கு அரிசி மேல் இருந்த தேவை, சந்தைக்குக் கேட்காத தேவை. ரயில் தானியத்தைக் கொண்டுவந்து இறக்கியும் அது அவர் குடிசைக்குப் போகாததற்குக் காரணம் இதுதான். கையில் காசைக் கொடுத்திருந்தால் வியாபாரியும் பிழைத்திருப்பார், தொழிலாளியும் பிழைத்திருப்பார். சந்தையை விடாமலே பசியைத் தீர்க்கும் இந்த வழி ஸ்மித்துக்குள்ளேயே இருந்தது. 1880இல் வந்த பஞ்ச ஆணைய அறிக்கை, பஞ்சத்தில் உயிர் காப்பது அரசின் கடமை என்று ஒப்புக்கொண்டு விதித்தொகுப்பு எழுத வைத்தது. 2005இல் வந்த நூறு நாள் வேலைச் சட்டத்தின் மூதாதையரில் அந்தத் தொகுப்பும் ஒன்று. வேலைக்கு வருகிறவரே தேவை உள்ளவர் என்ற பழைய தர்க்கம்தான். ஆனால் 5 கிலோமீட்டருக்குள் வேலை, சட்டக்கூலி என்ற இரண்டு திருத்தங்களோடு.

சண்டையின் மறுபாதி இங்கிலாந்தில் நடந்தது. 1848இல் தாராளவாதத் தத்துவவாதி ஜான் ஸ்டூவர்ட் மில், உற்பத்தியின் விதிகள் இயற்கையை ஒட்டியவை, பங்கீட்டின் விதிகள் மனிதர் வகுத்தவை என்று பிரித்துக் காட்டினார். தேவையான உதவியை அதிக அளவில் கொடுத்து, அதன்மேல் தேவையில்லாமல் சாய்ந்துகிடக்கும் போக்கைக் குறைந்த அளவில் வைப்பது எப்படி என்பதே கேள்வி என்றார். 1834ஆம் ஆண்டு விதியை அவரும் ஏற்றார் என்பதை மறைக்கத் தேவையில்லை. அதே மரபின் தத்துவவாதி டி. எச். கிரீன் 1881இல், தடையில்லாமல் விடுவது மட்டும் சுதந்திரமாகாது, வாழ்க்கையில் மதிப்புள்ளதைச் செய்ய இயலும் வலிமைதான் சுதந்திரம் என்றார். ஆனால் தத்துவத்தைவிட ஒரு கணக்குத்தான் அதிக வேலை செய்தது என்று நினைக்கிறேன்.

யார்க் நகரில் சீபோம் ரௌண்ட்ரீ 1899இல் வீடு வீடாக எடுத்த கணக்கு அது. பெற்றோரும் மூன்று பிள்ளைகளும் உள்ள குடும்பம் உடம்பை உழைக்கும் நிலையில் வைத்திருக்க மட்டும் வாரம் எவ்வளவு வேண்டும்? சாப்பாட்டுக்கு 12 ஷில்லிங் 9 பென்ஸ், வாடகை 4 ஷில்லிங், துணி, விறகு, விளக்கு முதலானவற்றுக்கு 4 ஷில்லிங் 11 பென்ஸ். ஆக 21 ஷில்லிங் 8 பென்ஸ். இதில் பத்திரிகை வாங்க ஒரு பென்னி இல்லை, வெளியூர்ப் பிள்ளைக்குக் கடிதம் போட அஞ்சல்தலை இல்லை, புகையிலை இல்லை, குழந்தைக்குப் பொம்மை இல்லை. இந்த வறண்ட கோட்டுக்கும் கீழே வருமானம் இருந்தவர்கள் நகர மக்களில் 9.91 சதவீதம். கோட்டைத் தொட்டும் வறுமையில் கிடந்தவர்களைச் சேர்த்தால் 27.84. சோம்பல்தான் வறுமைக்குக் காரணம் என்ற வாதத்துக்கு இது பெரிய அடி. அந்தக் கோட்டுக்குக் கீழே இருந்தவர்களில் பாதிக்கு மேற்பட்டோரின் குடும்பத் தலைவர் நிரந்தர வேலையில் இருந்தார், கூலிதான் போதவில்லை.

1906இல் பெருவெற்றி பெற்ற லிபரல் கட்சி அரசு 1908இல் முதியோர் ஓய்வூதியச் சட்டம் கொண்டுவந்தது. இதைச் செய்தவர்கள் சோஷலிஸ்டுகள் அல்லர், தாராளவாதிகள். 70 வயதானவருக்கு வாரம் 5 ஷில்லிங், சந்தா எதுவும் கிடையாது. பணம் அஞ்சலகத்தில். ஏழையர் சட்ட அதிகாரியின் வாசலில் நிற்க வேண்டியதில்லை என்பது அந்தக் கிழவர்களுக்குத் தொகையைவிடப் பெரிதாக இருந்திருக்கும். ஆண்டு வருமானம் 21 பவுண்டுக்குள் இருந்தால் முழுத்தொகை. அதன்பின் ஒவ்வொரு படிக்கும் வாரம் 1 ஷில்லிங் குறைந்து, 31 பவுண்ட் 10 ஷில்லிங்கைத் தாண்டினால் ஒன்றும் இல்லை. படி ஒவ்வொன்றும் 2 பவுண்ட் 12 ஷில்லிங் 6 பென்ஸ் அகலம். வாரம் 1 ஷில்லிங் இழப்பு என்றால் ஆண்டுக்கு 2 பவுண்ட் 12 ஷில்லிங். அதாவது ஒரு படி ஏறினால் மிஞ்சுவது வெறும் 6 பென்ஸ். ஸ்பீனம்லேண்டின் அதே கோளாறு புதுச் சட்டை போட்டுக்கொண்டு வந்துவிட்டது. சங்கத்தில் சிறுகச் சிறுகச் சேமித்து முதுமைக்கு வைத்திருந்தவர்தான் இந்தப் படியில் அகப்பட்டார்.

1911ஆம் ஆண்டுத் தேசியக் காப்பீட்டுச் சட்டம் இதிலிருந்து வெளியேற ஒரு வழி கண்டது: வருமானத்தைச் சோதிக்காதே, சந்தாவைப் பார். நோய்க்காப்பீட்டுக்கு ஆண் தொழிலாளி வாரம் 4 பென்ஸ், முதலாளி 3, அரசு 2. நோயில் படுத்தால் வாரம் 10 ஷில்லிங் வீதம். கட்டுமானம், கப்பல் கட்டுதல், பொறியியல் போன்ற தொழில்களில் வேலையிழப்புக் காப்பீடும் உண்டு: இரு தரப்பும் ஆளுக்கு இரண்டரை பென்ஸ், வேலை போனால் வாரம் 7 ஷில்லிங், ஆண்டில் 15 வாரம் வரை. குடித்துவிட்டு வேலையை இழந்தவனுக்கும் கொடுப்பதா என்று கேட்டபோது, ஒழுக்கத்தையும் கணக்கையும் கலக்க விரும்பவில்லை, சந்தா கட்டியவனுக்கு உரிமை உண்டு என்பது அன்று லிபரல் அமைச்சராக இருந்த சர்ச்சிலின் நிலை.

சந்தா முறைக்கு ஒரு பலவீனம் உண்டு. ஆங்காங்கே சிலர் வேலையிழப்பதைத்தான் அது தாங்கும். ஊரே வேலையிழந்தால் தாங்காது. 1920இல் பெரும்பாலான தொழிலாளர்களுக்கும் அதை விரித்தார்கள். அடுத்த ஆண்டே பொருளாதார மந்தம் வந்தது, நிதி கடனில் விழுந்தது. 1931இல் ஆணுக்குக் கிடைத்த 17 ஷில்லிங்கை 15 ஷில்லிங் 3 பென்ஸாக வெட்டி, நெடுநாள் வேலையற்றவருக்குக் குடும்ப வருமானச் சோதனை போட்டார்கள். மகனோ மகளோ சம்பாதித்தால் தகப்பனுக்கு உதவி குறையும். பிள்ளைகள் தனியே குடிபோனால் உதவி கூடும். குடும்பங்களை உடைத்த விதி என்று ஒரு தலைமுறையே அதை வெறுத்தது.

அந்த வெறுப்பின் நடுவே 1942 டிசம்பரில் வந்ததுதான் பிரிட்டனின் மக்கள் நல அரசுக்குத் திட்டம் தந்த பெவரிட்ஜ் அறிக்கை. தங்கள் கட்டுரையின் இரண்டாவது பிழை இவரைப் பற்றியது. வில்லியம் பெவரிட்ஜ் இந்தியாவில், வங்கத்தின் ரங்பூரில், 1879இல் பிறந்தவர். ஒரு சிவில் சர்வீஸ் நீதிபதியின் மகன். வாழ்நாள் தாராளவாதி, 1944இல் லிபரல் கட்சியின் நாடாளுமன்ற உறுப்பினரானவர். அறிக்கையை 1946-48இல் சட்டமாக்கியது தொழிற்கட்சி அரசு. வரிப்பணத்தில் நடக்கும் தேசிய மருத்துவச் சேவை அந்தக் கட்சியின் சொந்தச் சாதனை. ஆனால் காப்பீட்டின் எலும்புக்கூடு பெவரிட்ஜுடையது: எல்லாருக்கும் ஒரே சந்தா, எல்லாருக்கும் ஒரே உதவி, அதற்கு மேல் வேண்டுபவர் தாமே சேமித்துக்கொள்ளலாம். வேலையில் உள்ள ஆணுக்கு வாரச் சந்தா 4 ஷில்லிங் 3 பென்ஸ். வேலையிழந்த தம்பதிக்கு உதவி 40 ஷில்லிங்.

இங்கும் கணக்கு இடறியது. ஒரே சந்தா என்றால் அது கீழ்க்கூலிக்காரர் தாங்கும் அளவுக்கு மேல் போக முடியாது. சந்தாவுக்கு உச்சவரம்பு என்றால் உதவிக்கும் உச்சவரம்பு. அதோடு, வாடகைக்கென்று 10 ஷில்லிங்கைச் சராசரியாக வைத்தார். லண்டன் வாடகையும் கிராமத்து வாடகையும் ஒன்றல்ல. ஆகவே காப்பீட்டுத் தொகையில் வாழ முடியாத லட்சக்கணக்கானோர், ஒழிந்துபோகும் என்று அவர் எதிர்பார்த்த வருமானச் சோதனை உதவிக்கே போய் நின்றார்கள். வருமானத்துக்கேற்ற சந்தா 1959ஆம் ஆண்டுச் சட்டத்தில்தான் எட்டிப்பார்த்தது.

நவதாராளவாதத்தின் பிதாமகர்கள் என்று வசைபாடப்படும் இருவரையும் சொல்ல வேண்டும். பெவரிட்ஜ் இயக்குநராக இருந்த லண்டன் பொருளியல் கல்லூரியிலேயே பேராசிரியராக இருந்தவர் ஹாயெக். செல்வம் ஓரளவு பெருகிய சமூகத்தில் எல்லாருக்கும் குறைந்தபட்ச உணவு, உடை, உறைவிடத்தை உறுதிசெய்வதால் சுதந்திரத்துக்குக் கேடு வராது என்று 1944இல், திட்டமிட்ட பொருளாதாரத்தைத் தாக்கி எழுதிய அதே நூலில், எழுதினார். அவர் எதிர்த்தது காப்பீட்டை அரசின் ஏகபோகமாக்குவதையும், அதன் பெயரில் வருமானங்களைச் சமன்செய்வதையும்.

மற்றவர் அமெரிக்கப் பொருளியலாளர் மில்டன் ஃப்ரீட்மன். 1962இல் அவர் ஸ்பீனம்லேண்டின் கோளாறை நேராகக் குறிவைத்தார். அவருடைய எடுத்துக்காட்டில் தலைக்கு 600 டாலர் வரிவிலக்கு வரம்பு. வருமானமே இல்லாதவருக்கு அரசு 300 டாலர் தரும். 200 சம்பாதித்தால் அரசு 200 தரும், கையில் 400. 400 சம்பாதித்தால் அரசு 100 தரும், கையில் 500. 600இல் உதவி நின்றுபோகும். கூடுதலாகச் சம்பாதிக்கும் ஒவ்வொரு டாலரிலும் பாதி அவருக்கே மிஞ்சும். இதற்குள் ஒரு முடிச்சு இருக்கிறது. ஒன்றும் இல்லாதவருக்குத் தருவது, ஒரு டாலர் சம்பாதித்தால் பிடிப்பது, உதவி நிற்கும் வரம்பு என்ற மூன்றில் இரண்டை நாம் தீர்மானித்தால் மூன்றாவது தானே தீர்மானமாகிவிடும். 300ஐ 400ஆக உயர்த்திப் பாதிப் பிடித்தத்தையே வைத்தால் வரம்பு 800க்குப் போகும், செலவு பெருகும். வரம்பை 600லேயே நிறுத்தினால் டாலருக்கு 67 சென்ட் பிடிக்க வேண்டும். உழைக்கும் ஆசை குறையும். மூன்றையும் ஒருசேர நல்லதாக்கித் தருகிறேன் என்று எந்தக் கட்சி சொன்னாலும் அது கணக்கில் வராது.

இந்த முடிச்சைத் தமிழ்நாட்டுத் திட்டங்களில் பொருத்திப் பார்க்கலாம். மகளிர் உரிமைத் தொகை 2023 செப்டம்பர் 15 அன்று மாதம் 1000 ரூபாயாகத் தொடங்கியது. தொடக்க விதியில் குடும்ப ஆண்டு வருமானம் இரண்டரை லட்சத்துக்குள், நன்செய் 5 ஏக்கர் அல்லது புன்செய் 10 ஏக்கருக்குள், மின்சாரம் ஆண்டுக்கு 3600 யூனிட்டுக்குள். இது படிக்கட்டு அல்ல, கிணற்றுச் சுவர். வரம்பை ஒரு ரூபாய் தாண்டினாலும் ஆண்டுக்கு 12,000 ரூபாய் போய்விடும். அப்படியானால் ஃப்ரீட்மன் போலப் படிப்படியாகத் தேயவிடலாமே என்று கேட்கலாம். முடியாது. கொத்தனாருக்கும் பூக்கட்டுபவருக்கும் ஆண்டு வருமானம் எவ்வளவு என்று அரசுக்குத் தெரியாது, பல சமயம் அவர்களுக்கே தெரியாது. அதனால்தான் மின் மீட்டரை அளவுகோலாக்க வேண்டியிருக்கிறது. கூட்டுக்குடும்பம் ஒரே மீட்டரில் இருந்தால் அந்த அளவுகோல் பொய் சொல்லும்.

1997இல் மத்திய அரசு ரேஷனை வறுமைக்கோட்டின்படி பிரித்தபோது தமிழ்நாடு பிரிக்காமல் எல்லாருக்கும் என்றே வைத்துக்கொண்டது. அரிசி வேண்டாம் என்பவர் சர்க்கரை அட்டை வாங்கலாம், எந்தப் பொருளும் வேண்டாம் என்ற அட்டையும் வாங்கலாம். யாரையும் விசாரிக்காமல், யாரையும் கேவலப்படுத்தாமல், வேண்டாதவர் தாமே விலகிக்கொள்கிறார். 1834இல் கொடுமையை வைத்துச் செய்யப் பார்த்ததை இங்கே ஓர் அட்டையின் வகை செய்கிறது. செலவு அதிகம்தான், வசதி உள்ளவர்களும் வாங்குகிறார்கள்தான். ஆனால் இந்த ஏற்பாட்டைத் தாராளவாதத்துக்கு விரோதம் என்று எழுதுவது சரியல்ல. தன் தேவையைத் தானே முடிவுசெய்ய விடுவதைவிடத் தாராளவாதமான சோதனை எனக்குத் தெரியவில்லை.

தங்களிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த முறை எந்த நலத்திட்டத்தைப் பற்றி ஆதரித்தோ எதிர்த்தோ கட்டுரை வெளியிட்டாலும், பக்கத்தில் ஒரு சிறு கட்டம் போட்டு, வருமானமே இல்லாதவருக்கு எவ்வளவு கிடைக்கிறது, 100 ரூபாய் கூடுதலாகச் சம்பாதித்தால் எவ்வளவு பறிபோகிறது, எந்த வரம்பில் நிற்கிறது, அந்த வரம்பை எதை வைத்து அளக்கிறார்கள் என்ற நான்கையும் அச்சிடுங்கள். நான்கு வரிக்கு மேல் இடம் பிடிக்காது.

இப்படிக்கு,
பொருளியல் ஆசிரியர் ஒருவர்,
திருச்சிராப்பள்ளி